வேடமும் மானமும்

தன்னைத் தானல்லாத ஒருவனாகக் காட்டிக்கொள்ள முயல்பவனைக் கண்டால் உலகம் நகைக்கிறது. இரவல் நகை பூட்டிக்கொண்டு திருமணப் பந்தலில் நிமிர்ந்து நடப்பவளும், கடன் வாங்கிய கோட்டை மாட்டிக்கொண்டு பெண் பார்க்கப் புறப்படுபவனும், நான்கு ஆங்கிலச் சொற்களைக் கற்றுக்கொண்டு ஊராரைப் பட்டிக்காட்டார் என்று பழிப்பவனும் கூத்து மேடையின் காலந்தொட்டே நகைச்சுவைக்கு உரிய பொருளாக இருந்து வருகின்றனர். அவர்களுடைய சாயம் வெளுக்கும் நேரத்தில் கொட்டகை முழுவதும் கைகொட்டிச் சிரிக்கிறது. அச்சிரிப்பில் ஓர் அறத்தீர்ப்பும் கலந்திருக்கிறது. பொய்யாக உயர்ந்தவன் விழுந்தான், விழட்டும் என்பதே அத்தீர்ப்பு.

இத்தீர்ப்பு எல்லாருக்கும் ஒரே அளவாக வழங்கப்படுகிறதா? வேடம் பூணுவோர் யாவரும் ஒரே குற்றத்தைச் செய்தவர்களா? இவையே நாம் இங்கு ஆராயப் புகும் கேள்விகள். பொய்யாமையை ஐந்து சீலங்களுள் ஒன்றாக ஏற்றுக்கொண்ட நமக்கு இவை பொழுதுபோக்குக்காக எழுப்பும் கேள்விகள் அல்ல. நம் பிள்ளைகள் நகரத்தில் வாடகைக்கு வீடு தேடும்போது, வீட்டுக்காரர் 'நீங்கள் எந்த ஊர், என்ன ஆட்கள்?' என்று கேட்கும் அந்த நிலைவாயிலில், இக்கேள்வி உயிரோடு நிற்கிறது. அங்கு அவர்கள் என்ன விடை கூறுவது? எதை மறைப்பது குற்றம், எதை மறைப்பது குற்றமன்று?

இதனை ஆராய்வதற்குப் பேசாப் படக் காலத்தை எடுத்துக்கொள்வது பெரிதும் பொருத்தமாகும். பேசாப் படத்தில் மனிதனுக்குக் குரல் இல்லை. அவன் செல்வன் என்பதை அவனுடைய தொப்பியும் கைத்தடியும் சொல்ல வேண்டும். அவள் குலமகள் என்பதை அவளுடைய புடைவைக் கட்டும் கூந்தற் பூவும் சொல்ல வேண்டும். உடையே அங்கு மொழி. ஆகவே உடையால் உரைக்கப்படும் பொய்யும் உடையால் உரைக்கப்படும் மெய்யும் அப்படங்களில் தெளிவாகப் புலப்படுகின்றன. இந்தியாவில் சுமார் 1,300 பேசாப் படங்கள் எடுக்கப்பட்டன என்பர். அவற்றுள் மிகச் சிலவே இன்று எஞ்சியுள்ளன. எனினும் அவற்றின் கதைகளும், அவற்றுக்கு மக்கள் அளித்த வரவேற்பும் நமக்குப் பாடமாக நிற்கின்றன.

அவற்றுள் முதற்கண் நினைக்கத்தக்கது 1921-ஆம் ஆண்டு கல்கத்தாவில் வெளிவந்த 'பிலேத் பெரத்' என்னும் காதல் நகைச்சுவைப் படம். 'சீமையிலிருந்து திரும்பியவன்' என்பது அத்தலைப்பின் பொருள். நிதீஷ் சந்திர லாகிரி இயக்கிய அப்படத்தில் தீரேந்திரநாத் கங்கூலி நாயகனாக நடித்தார். வெளிநாடு சென்று மீண்ட இளைஞன் ஒருவன், அங்குக் கற்ற நடையுடை பாவனைகளாலும் காதலைப் பற்றிய புதுக் கருத்துக்களாலும், பழமையில் ஊறிய தன் பெற்றோரைத் திகைக்கச் செய்கிறான். சீமையைப் பார்த்துச் சூடு போட்டுக்கொண்டவனின் தற்பெருமையும் நகைப்புக்கு உள்ளாகிறது. மாறாமையையே பெருமையாகக் கொண்ட பெரியோரின் பிடிவாதமும் நகைப்புக்கு உள்ளாகிறது. கங்கூலி வேடம் புனைவதில் வல்லவர். ஆணும் பெண்ணுமாகப் பல கோலங்களில் தம்மையே நிழற்படம் பிடித்து நூலாக வெளியிட்டவர். ஒரே முகம் எத்தனை மனிதர்களாகத் தோன்றக்கூடும் என்று காட்டியவருக்கு, மனிதன் தன் கோலத்தைத் தானே நம்பி ஏமாறுவது எவ்வளவு எளிது என்பதும் தெரிந்திருக்கும். பிற்காலத்தில் 1975-ஆம் ஆண்டுக்குரிய தாதாசாகேப் பால்கே விருது அவருக்கு அளிக்கப்பட்டது.

அப்படத்தைக் கண்டு சிரித்தவர்களின் சிரிப்பு நல்ல சிரிப்பே. கோட்டு அணிந்ததனால் தான் உயர்ந்தவனாகிவிட்டதாக எண்ணுபவனைக் கண்டு சிரிக்கலாம். ஆனால் இங்கு நாம் சற்று நின்று நோக்க வேண்டும். கோட்டைக் கண்டு சிரிப்பது வேறு, கோட்டு அணிந்தவனின் செருக்கைக் கண்டு சிரிப்பது வேறு. அண்ணல் அம்பேத்கரும் கோட்டு அணிந்தார். பள்ளியில் ஒரு மூலையில் தனியே அமர்த்தப்பட்டு, குடிநீர்ப் பானையைத் தொடவும் விலக்கப்பட்ட சிறுவன், வளர்ந்து கழுத்துப்பட்டையும் கோட்டும் அணிந்து சட்ட மேதையாக நின்றபோது, 'வெள்ளைக்காரனைப் போல் உடுத்துகிறார்' என்று குறை கூறியோர் இருந்தனர். 'பிலேத் பெரத்' நாயகனின் கோட்டும் அண்ணலின் கோட்டும் ஒரே துணியால் தைக்கப்பட்டவையாக இருக்கலாம். முன்னது, வீட்டில் இருந்த பெற்றோரைவிடத் தான் மேலானவன் என்று சொல்லிற்று. பின்னதோ, எவருக்கும் நான் கீழானவன் அல்லேன் என்று சொல்லிற்று. இவ்விரண்டையும் ஒன்றாக்கிப் பார்ப்பவர் துணியைப் பார்க்கிறாரேயன்றி மனிதனைப் பார்க்கவில்லை.

இனி, உலகம் முழுவதும் அறிந்த மற்றொரு படத்தைக் காண்போம். பேசும் படம் வந்துவிட்ட பின்னரும் சார்லி சாப்ளின் பேச்சின்றியே எடுத்து 1931-இல் வெளியிட்ட 'சிட்டி லைட்ஸ்' அது. கண் தெரியாத பூக்காரி ஒருத்தி, மோட்டார் வண்டியின் கதவு சாத்தப்படும் ஓசையைக் கேட்டு, தன் எதிரே நிற்கும் நாடோடியைச் செல்வன் என்று கருதிவிடுகிறாள். அவன் அந்தத் தவற்றைத் திருத்தவில்லை. அவளுக்காகத் தெருக் கூட்டுகிறான், குத்துச்சண்டை மேடையில் அடிபடுகிறான், அவளுடைய கண் சிகிச்சைக்குப் பணம் தேடிக் கொடுத்துவிட்டுச் சிறைக்கும் செல்கிறான். இக்கதையைத் தழுவி ஜெமினி நிறுவனத்தார் 1954-இல் தமிழில் 'ராஜி என் கண்மணி' என்ற படத்தை எடுத்தனர். டி. ஆர். இராமச்சந்திரன் அதில் நாயகன்.

இக்கதையில் நாடோடி பூண்டது பொய்வேடம் அன்றோ என்று கேட்கலாம். ஆம், பொய்வேடமே. ஆனால் அப்பொய்யின் விலையை யார் கொடுத்தார்? அவனே கொடுத்தான்; அவளிடமிருந்து எதையும் கவரவில்லை. அதே கதையில் செல்வன் ஒருவன் வருகிறான். குடிவெறியில் இருக்கும்போது நாடோடியை உயிர் நண்பன் என்று தழுவிக்கொள்கிறான்; வெறி தெளிந்ததும் இன்னான் என்றே அறியாதவன்போல் விரட்டுகிறான். கண் உள்ள அவன் மனிதனைக் காணவில்லை. பூக்காரிக்குப் பார்வை கிடைத்த பின்னர் நடப்பது இன்னும் நுட்பமானது. கந்தலுடையில் தன் கடை முன் வந்து நிற்கும் ஏழையைக் கண்டு அவளும் முதலில் சிரிக்கிறாள். தன் அன்பன் அழகிய சீமானாக வருவான் என்று காத்திருப்பவள் அவள். பார்வையோடு, தோற்றத்தை மதிக்கும் குற்றமும் அவளிடம் வந்து சேர்ந்துவிட்டது. அவன் கையைத் தொட்டபோதுதான் அவளுக்கு உண்மை விளங்குகிறது. கண் மறைத்ததைக் கை காட்டிக்கொடுத்தது. ஆகவே பொய்த் தோற்றம் என்பது எப்போதும் வேடம் பூண்டவனிடமே இருப்பதன்று. பார்ப்பவனின் கண்ணிலும் இருக்கக்கூடும் என்பது இக்கதையால் பெறப்படும்.

இவ்வுண்மையை மிகக் கொடிய முறையில் மெய்ப்பித்தது நமக்கு மிக அண்மையில் நடந்த ஒரு நிகழ்ச்சி. கன்னியாகுமரியை அடுத்த அகத்தீசுவரத்தைச் சார்ந்த ஜே. சி. டேனியல், தம் சொத்துக்களை விற்று 1928-30 ஆண்டுகளில் 'விகதகுமாரன்' என்னும் பேசாப் படத்தை உருவாக்கித் திருவனந்தபுரத்தில் திரையிட்டார். கேரளத்தின் முதற் படம் அதுவே. அதில் சரோஜினி என்னும் நாயர் குலப் பெண்ணாக நடித்தவர் பி. கே. ரோசி. அவர் புலையர் குலத்தில் பிறந்தவர்; புல்லறுத்துப் பிழைத்த குடும்பத்தினர்; காக்காரிசி நாடகத்தில் பயிற்சி உள்ளவர். திரையில் அவர் நாயர் மங்கையாகத் தோன்றியதையும், நாயகன் அவருடைய கூந்தற் பூவை முத்தமிட்டதையும் கண்ட மேற்குலத்தார் சினங்கொண்டு திரையின்மீது கல்லெறிந்தனர். முதற் காட்சியைக் காண அவரே அனுமதிக்கப்படவில்லை என்றும், பின்னர் அவருடைய குடிசைக்குத் தீ வைக்கப்பட்டது என்றும் அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். அவர் ஊரைவிட்டு நாகர்கோயில் பக்கம் ஓடிவந்து, லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, இராஜம்மாள் என்ற பெயரோடு தமிழகத்திலேயே வாழ்ந்து மறைந்தார். அவருடையதென்று ஐயமின்றிச் சொல்லத்தக்க நிழற்படம்கூட எஞ்சவில்லை.

இங்கு யார் யாரை ஏமாற்றினார்? எவரும் ஏமாற்றவில்லை. நடிப்பு நடிப்பென்று அனைவரும் அறிவர். அரசனல்லாதவன் அரசனாக நடிக்கும்போது எந்த அரசனும் கல்லெறிந்ததில்லை. பார்ப்பனரல்லாத நடிகர்கள் முனிவர்களாகவும் தெய்வங்களாகவும் மேடையேறியபோது எவருடைய குலமும் குலைந்துவிடவில்லை. ரோசியின் வேடம் மட்டும் ஏன் சுட்டது? அவ்வேடம் அவருக்குப் பொருந்திவிட்டது என்பதனால்தான் சுட்டது. புலையர் மகள் நாயர் மங்கையின் உடை அணிந்தால் நாயர் மங்கையாகவே தோன்றுகிறாள் என்றால், குலம் என்பது உடலில் இல்லை, உடையில்தான் இருந்தது என்று ஆகிறது. நூற்றாண்டுகளாகத் தாங்கள் அணிந்து நின்றதும் ஒரு வேடமே என்று திரை அவர்களுக்குக் காட்டிவிட்டது. பொய்வேடத்தைக் கண்டு எறியப்பட்ட கற்கள் அல்ல அவை. தங்கள் வேடம் கலைந்தவர்கள் எறிந்த கற்கள்.

இவ்வச்சம் புதியதன்று. திருவிதாங்கூரில் மேலாடை அணியும் உரிமைக்காக நாடார் குலப் பெண்கள் நெடுங்காலம் போராடியதன் பயனாக 1859-இல் அரசாணை ஒன்று பிறந்தது. அவர்கள் மார்பை மறைத்துக்கொள்ளலாம். ஆனால் மேற்குலப் பெண்டிர் அணியும் முறையில் அணியலாகாது என்றது அவ்வாணை. மானத்தை மறைக்கத் துணி தரலாம், சமமாகத் தோன்றத் துணி தரலாகாது என்பதே அதன் உட்பொருள். 'விகதகுமாரனை' எடுத்த டேனியல் அந்நாடார் குலத்தினர் என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது. துணியில் வேறுபாடு இல்லாவிட்டால் மனிதரில் வேறுபாடு காண இயலாது என்பதை அரசாணை எழுதியவர்கள் நம்மினும் நன்கு அறிந்திருந்தார்கள்.

தோற்றமும் பெயரும் மனிதரை எவ்வாறு மயக்குகின்றன என்பதை ஒரே தெருவில் காண விரும்புவோர் கொச்சியை அடுத்த மட்டாஞ்சேரிக்குச் சென்றால் போதும். அங்குள்ள பழைய அரண்மனையை 'டச்சு அரண்மனை' என்று உலகம் அழைக்கிறது. அதனை 16-ஆம் நூற்றாண்டின் நடுவில் கட்டிக் கொச்சி மன்னருக்கு அளித்தவர்கள் போர்த்துகீசியர். 1663-இல் கொச்சியைக் கைப்பற்றிய டச்சுக்காரர் அதனைப் பழுது பார்த்தனர். பழுது பார்த்தவன் பெயர் நிலைத்தது, கட்டியவன் பெயர் மறைந்தது. கல்லும் மண்ணும் சுமந்தவர் பெயரை எவரும் கேட்கவேயில்லை.

அரண்மனையை ஒட்டி 1568-இல் எழுந்த யூதர் தொழுகைக் கூடம் இருக்கிறது. அதற்குப் 'பரதேசி' கூடம் என்று பெயர். தமிழில் அச்சொல் பிச்சை எடுப்பவனைச் சுட்டும் வசையாகிவிட்டது. மட்டாஞ்சேரியிலோ அதுவே பெருமைப் பெயராக விளங்கிற்று. அயலிலிருந்து வந்த அவ்வகுப்பார் 'வெள்ளை யூதர்' எனப்பட்டனர். அவர்களுக்கு முன்பே மலபாரில் வாழ்ந்து வந்தவர்கள் 'கறுப்பு யூதர்' எனப்பட்டனர். வேதம் ஒன்று, தொழுகை ஒன்று, ஓய்வுநாள் ஒன்று. தோலின் நிறம் ஒன்றே வேறு. அவ்வெள்ளையர் கூடத்திலேயே, விடுதலை பெற்ற அடிமைகளின் வழிவந்தவர்களுக்குச் சம உரிமை மறுக்கப்பட்டது. மற்றவரோடு உள்ளே அமரவும் அவர்கள் விலக்கப்பட்டனர். அவ்வழியில் பிறந்து வழக்கறிஞராக உயர்ந்த ஆபிரகாம் பாரக் சேலம் (1882-1967) என்பார் அக்கூடத்திலேயே சத்தியாக்கிரகம் செய்து, அத்தடைகள் தளரும்படி செய்தார். 'யூதக் காந்தி' என்று மக்கள் அவரை அழைத்தனர். கையால் வண்ணம் தீட்டிய சீன ஓடுகள் அக்கூடத்தின் தரையை அழகு செய்கின்றன. காண வருவோர் தரையின் அழகை வியந்து செல்கின்றனர். அத்தரையில் யார் யார் அமரக்கூடாதென்று விலக்கப்பட்டனர் என்பதை ஓடுகள் சொல்வதில்லை.

அதே கொச்சியில் 1913-ஆம் ஆண்டு புலையர் மக்கள் ஒன்றுகூட விரும்பினர். நிலத்தில் அவர்களுக்கு இடம் தருவார் இல்லை. ஆகவே வள்ளங்களைக் கொண்டுவந்து ஒன்றோடொன்று சேர்த்துக் கட்டிக் காயலின்மீதே கூட்டம் நடத்தினர். பண்டிதர் கறுப்பனும் கிருஷ்ணாதி ஆசானும் அவ்வியக்கத்தில் முன்னின்றவர்கள். அதற்கு முந்திய ஆண்டில் கொச்சியின் முளவுகாட்டுத் தீவில் அதே குலத்தில் பிறந்த தாட்சாயணி வேலாயுதன், மேலாடை அணிந்து கல்வி கற்று, பட்டம் பெற்று, 1946-இல் இந்திய அரசியல் நிர்ணய சபையின் உறுப்பினரானார். அவருடைய மேலாடையைக் கண்டு அந்நாளில் சினந்தவர்கள் அதனையும் வேடம் என்றே எண்ணியிருப்பர்.

மட்டாஞ்சேரிக்கு அடுத்த கோட்டைக் கொச்சியில் தமிழ் பேசும் வண்ணார் குடும்பங்கள் பல தலைமுறைகளாக வாழ்கின்றன. டச்சுக்காரர் தம் படையினரின் உடைகளை வெளுப்பதற்குத் தங்கள் முன்னோரை அழைத்து வந்தனர் என்பது அவர்களிடையே வழங்கும் வரலாறு. மனிதரின் தோற்றப் பெருமையை உள்ளபடி அறிந்தவர் ஒருவர் உண்டென்றால் அவர் சலவைத் தொழிலாளரே. படைத்தலைவனின் சட்டையிலும் வேலைக்காரனின் சட்டையிலும் உள்ள வேர்வை ஒன்றே என்பதை அவர் கை அறியும். சட்டையின் விறைப்பு அணிந்தவனுடையதன்று, தாம் இட்ட கஞ்சியினுடையது என்பதையும் அவர் அறிவார். அந்தக் கஞ்சியை அணிந்தவன் தன் வீரமென்று எண்ணி நடக்கிறான். வெளுத்துக் கொடுத்தவரை வாசலுக்கு வெளியே நிறுத்துகிறான். இதைவிடப் பெரிய நகைச்சுவையை எந்தப் படக் கொட்டகையில் காண முடியும்!

பொய்த் தோற்றத்தைக் குறிக்க நம் பண்டிதர் அயோத்திதாசர் ஒரு சொல்லை ஆண்டார். குலத்தைக் காட்டி உயர்வு கொண்டாடியவர்களை 'வேஷ பிராமணர்' என்றும், ஒழுக்கத்தால் உயர்ந்தவர்களை 'யதார்த்த பிராமணர்' என்றும் பிரித்துரைத்தார். அவருடைய வரலாற்று முடிபுகளை ஏற்பாரும் மறுப்பாரும் இருக்கலாம். ஆனால் அவர் இட்ட அளவுகோல் நமக்கு இன்றும் பயன்படுகிறது. தனக்கு இல்லாத ஒழுக்கத்தை இருப்பதாகக் காட்டிப் பிறரைத் தாழ்த்துவதே வேடம். தனக்கு உள்ள மனிதத் தன்மையைப் பிறர் காணும்படி நிமிர்ந்து நிற்பது வேடமன்று.

இனி, மானம் என்னும் சொல்லைச் சற்று ஆராய்வோம். தமிழில் மானம் என்பது காக்கத்தக்க உயரிய பொருள். பாலி மொழியிலோ அதே சொல் விடத்தக்க குற்றத்தின் பெயர். பத்துத் தளைகளுள் ஒன்று. ஒரே சொல் இரு மொழிகளில் நேர்மாறாக நிற்பது வியப்பளிக்கிறது. பௌத்தம் கூறும் மானம் மூவகைப்படும். 'நான் மேலானவன்' என்று எண்ணுவது ஒன்று. 'நான் சமமானவன்' என்று எண்ணுவது ஒன்று. 'நான் தாழ்ந்தவன்' என்று எண்ணுவது ஒன்று. மூன்றாவதும் மானத்தின் வகையே என்பதை நம்மவர் ஆழ்ந்து நினைக்க வேண்டும். தன்னைத் தாழ்ந்தவன் என்று எண்ணிக் குறுகுவது பணிவன்று. அதுவும் பிறரோடு தன்னை வைத்து அளக்கும் நோயே. அப்படியாயின் 'நாங்கள் சமம்' என்று நாம் முழங்குவதும் குற்றமாகுமோ எனின், ஆகாது. உரிமையில் சமம் கேட்பது அறம். அது நமக்காக மட்டும் கேட்பதன்று. எந்நேரமும் பிறர் முகத்தைப் பார்த்து 'இவனுக்கு நான் சமமாகத் தோன்றுகிறேனா?' என்று உள்ளம் அளந்துகொண்டே இருப்பதுதான் தளை. தமிழ் கூறும் மானம் இல்லாவிடில் மனிதன் நிமிர மாட்டான். பாலி கூறும் மானம் தளராவிடில் நிமிர்ந்தவன் பிறரைக் குனியச் செய்வான். நமக்கு முன்னது வேண்டும், பின்னது வேண்டா.

சாக்கிய இளவரசர்கள் துறவு பூண வந்த வரலாற்றை நாம் அறிவோம். ஆனந்தரும் அநுருத்தரும் தேவதத்தனும் உள்ளிட்ட அவர்கள், தங்களோடு வந்த நாவிதர் உபாலிக்கு முதலில் துறவு அளிக்குமாறு பகவரை வேண்டினர். அவர் மூத்த பிக்குவாகிவிட்டால் தாங்கள் அவரை வணங்க வேண்டிவரும். அதனால் தங்கள் சாக்கியக் குலச் செருக்கு ஒழியும் என்பது அவர்கள் கருத்து. இவ்வரலாற்றில் நாம் காணத்தவறும் ஒன்று உண்டு. தேவதத்தனும் அன்று அந்த வரிசையிலேயே நின்றான். ஆனால் அவனுடைய செருக்கு ஒழியவில்லை என்பதைப் பின் நிகழ்ந்தவை காட்டின. ஒரே வணக்கம் ஆனந்தரிடத்தில் மெய்யாயிற்று, தேவதத்தனிடத்தில் வேடமாயிற்று. ஆகவே பட்டும் கோட்டும் மட்டுமே வேடம் என்று எண்ணற்க. காவியும் கூப்பிய கையும் எளிமையும்கூட வேடமாக முடியும். அழுக்கேறிய துணி எந்தச் சாயத்திலும் நன்கு நிறம் பிடிக்காது என்று பகவர் காட்டிய உவமை இதனையே உணர்த்துகிறது.

இப்போது தொடக்கத்தில் எழுப்பிய கேள்விக்கு வருவோம். நிலைவாயிலில் நிற்கும் நம் இளைஞன் என்ன செய்வது? நம்முள் ஒரு சாரார், 'மறைப்பது கோழைத்தனம். எல்லாரும் மறைத்தால் எவர் போராடுவது?' என்பர். மற்றொரு சாரார், 'உண்மையைச் சொல்லித் தெருவில் நிற்பதா? குழந்தையை வைத்துக்கொண்டு வீடு தேடுபவனுக்கு உபதேசம் எளிது' என்பர். இரு கட்சியிலும் நியாயம் உண்டு.

நாம் எண்ணிப் பார்த்தவரையில் இதனை மூன்றாகப் பகுத்து நோக்க வேண்டும். முதலாவது, வாய் திறவாமை. கேட்கத் தகாததைக் கேட்பவனுக்கு விடை கூற நாம் கடமைப்பட்டவரல்லோம். வாடகை தருவானா, வீட்டைத் துப்புரவாக வைத்துக்கொள்வானா என்று கேட்க உரிமை உண்டு. பிறப்பைக் கேட்க உரிமை இல்லை. தீங்கு செய்யக் கருதிக் கேட்பவனிடம் மௌனமாக இருப்பது சீலத்துக்கு மாறானதன்று. இரண்டாவது, நாம் உண்மையில் எதுவாக இருக்கிறோமோ அதனைக் கூறுதல். 'நாங்கள் பௌத்தர்' என்னும் விடை மறைப்பு அன்று. நாமே தேர்ந்து ஏற்ற பெயர் அது. 1956 அக்டோபர் 14-இல் நாகபுரியில் இலட்சக்கணக்கானோர் அண்ணலோடு சேர்ந்து ஏற்ற பெயர். மூன்றாவது, வேறொரு குலத்தின் பெயரைத் தன் பெயராகக் கூறுதல். இங்குதான் நாம் தயங்க வேண்டியிருக்கிறது. அப்பொய்யின் பெரும்பழி கேட்டவனையே சாரும். துன்பத்தில் அவ்வாறு கூறிவிட்ட எவரையும் நாம் இழித்துரைக்க மாட்டோம். ஆயினும் அதன் விலை பெரிது. பெயரை மாற்றிக் கூறியவன் தன் தாயை வீட்டுக்கு அழைக்கத் தயங்குவான். தன் சேரியில் நிகழும் சாவுக்குச் செல்ல அஞ்சுவான். பேச்சு வழக்கில் ஒரு சொல் நழுவிவிடுமோ என்று இரவும் பகலும் நடித்துக்கொண்டே இருப்பான். திரையில் சில நாழிகை வேடமிட்ட ரோசியை, வாழ்நாள் முழுவதும் வேறொருத்தியாக வாழும்படி கல்லெறிந்தவர்கள் தள்ளிவிட்டனர். அவ்வேடத்தை விரும்பி அணிந்தவர் அவரல்லர்.

இன்னொரு ஐயமும் நம்மிடையே எழுவதுண்டு. 'சாதியை விட்டோம் என்று கூறிவிட்டு, சான்றிதழில் சாதிப் பெயரை எழுதுவது வேடமாகாதா?' என்று வெளியார் எள்ளுகின்றனர். 1990-ஆம் ஆண்டுத் திருத்தத்தால் பௌத்தரான பட்டியல் வகுப்பினருக்கும் அவ்வுரிமைகள் உண்டு என்று சட்டமே ஏற்றுக்கொண்டது. அச்சான்றிதழ் நாம் யார் என்பதைக் கூறவில்லை. சமுதாயம் நமக்கு என்ன செய்தது என்பதைக் கூறுகிறது. அடிபட்டவன் தன் காயத்தை மருத்துவரிடம் காட்டுவதனால், அக்காயத்தைத் தன் அணிகலனாகக் கொண்டான் என்று எவரும் சொல்ல மாட்டார்.

ஆனால் நம் கவனத்துக்கு உரிய ஆபத்து ஒன்று உண்டு. மறைப்பதற்குத் தொடங்கியவன் நாளடைவில், மறைக்க இயலாதவரை இழிவாக நினைக்கத் தலைப்படுகிறான். நகரத்தில் படித்து வெண்சட்டை அணிந்தவன், ஊரில் சேற்றில் நிற்கும் சிற்றப்பனை 'இவர்களைத் திருத்த முடியாது' என்று பேசுகிறான். நம்முள்ளேயே ஓர் உட்பிரிவினர் மற்றோர் உட்பிரிவினரோடு மண உறவு கொள்ளத் தயங்குகின்றனர். மாநிறத்துப் பெண்ணைக் கண்டு 'நிறம் போதாது' என்கின்றனர். அப்போது மட்டாஞ்சேரித் தொழுகைக் கூடத்தின் கதவு நம் வீட்டு வாசலுக்கே வந்துவிடுகிறது. அத்தருணத்தில்தான் உடை வேடமாகிறது, கோட்டு நகைப்புக்கு உரியதாகிறது. அப்போது நம்மைக் கண்டு எவரேனும் சிரித்தால் அச்சிரிப்பு நியாயமானதே.

ஆகவே உடையைப் பற்றியும் பெயரைப் பற்றியும் முடிவு செய்ய வேண்டிய போதெல்லாம் நாம் நம்மையே சில கேள்விகள் கேட்டுக்கொள்வோமாக. இத்தோற்றம் எவரையேனும் தாழ்த்துகிறதா? இதன் விலையை நாமே கொடுக்கிறோமா, நமக்காக வேறொருவர் கொடுக்கிறாரா? நம் தாய் தந்தையர் இப்போது இவ்வறைக்குள் நுழைந்தால் நாம் மகிழ்ந்து எழுந்து நிற்போமா, முகம் திருப்புவோமா? இவற்றுக்கு அச்சமின்றி விடை கூற முடியுமானால், பட்டும் அணியலாம், கோட்டும் அணியலாம், வெண்கதரும் அணியலாம். நல்ல உடை நம் மக்களுக்கு ஆணவமன்று; பல தலைமுறைகளாக மறுக்கப்பட்ட கடன் திரும்ப வந்தது அது. நம் பிள்ளைகள் துவைத்துத் தேய்த்த உடையில் பள்ளி செல்லும்போது அக்கம்பக்கத்தார் எவரேனும் கேலி பேசினால், அக்கேலிக்கு நாம் நாணவும் வேண்டா, பதிலுக்குப் பழிக்கவும் வேண்டா.

ஒன்று மட்டும் மறவாதிருப்போம். மாலையில் வீடு திரும்பிச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டும்போது, அதனோடு அதன் விறைப்பையும் கழற்றி மாட்டிவிட வேண்டும். மனைவி மக்களிடத்திலும், சலவைக்கு அதனை எடுத்துச் செல்லும் தொழிலாளரிடத்திலும், நம்மினும் எளிய நிலையில் உள்ள நம்மவரிடத்திலும் அவ்விறைப்பு சென்று சேரலாகாது. நிமிர்ந்த தலையும் வளையும் உள்ளமும் ஒருவரிடத்தில் ஒருங்கே அமையக்கூடும் என்பதை நம் வாழ்க்கையால் காட்டுவோமாக. பிறருடைய வேடத்தை வெளுக்கச் செய்யும் வேலை நமக்கு அதன்பின்தான்.